துரைசாணியின் குழி

1

இந்தக் கதை என்னுடைய ஒரு பிழையில் பிறந்தது. அந்தப் பிழையை மறைக்கத்தான், இர்ம்கார்ட் வெஸ்லிங் என்ற ஜெர்மன் நடிகையைப் பற்றி எழுத உட்கார்ந்தேன். மாத்தளை டவுனில் ஓர் இன்டர்நெட் கடையில் அவருடைய படப் பட்டியலைப் பார்த்துக் கொப்பியில் எழுதிக்கொண்டேன். தொடக்கம் இப்படி:

“1967இல், பத்தொன்பது வயதில், இர்ம்கார்ட் முதன்முதலாகத் திரையில் தோன்றியபோது—”

விடுங்கள். தோன்றி என்ன செய்தார் என்று எனக்கே தெரியாது. படத்தை நான் பார்த்ததில்லை.

2

எனக்குத் தெரிந்தது 1979 மட்டும். அதுவும் தோட்டத்தில் வேலை செய்த கொறற்றியக்கா சொல்லித்தான். நாவுல பாதையில் எங்கள் கொக்கோத் தோட்டத்துக்குப் படக்காரர்கள் வந்தார்கள். இர்ம்கார்ட்டுக்கு அன்னா என்ற துரைசாணி, அதாவது வெள்ளைக்காரத் துரையின் மனைவி வேஷம். கதைப்படி காய்ச்சலில் அன்னா செத்துப்போவாள், தோட்டத்து மயானத்தில் அடக்கம். குழி வெட்டியவர் அக்காவின் புருஷன் நோபர்ட்.

“முழங்கால் ஆழம் போதும்னாங்க மாஸ்டர். இவரு கேட்டாத்தானே? அரைக்குழி வெட்ட எனக்குத் தெரியாதுங்கன்னு ஆறடி தோண்டிட்டாரு. அந்தம்மா எறங்கவே பயந்துபோச்சு.”

படம் முடிந்ததும் குழியை மூடினார்கள். அன்னா என்று பெயர் எழுதிய மரச்சிலுவையைப் பிடுங்க யாருக்கும் தோன்றவில்லை. (சோம்பேறிகள் நீடூழி வாழ்க. பிடுங்கியிருந்தால் எனக்குக் கதையே இல்லை.)

3

1983 கலவரம் தொடங்கிய மறுநாள், ரேடியோவுக்குப் பேட்டரி வாங்க டவுனுக்குப் போன நோபர்ட் திரும்பி வரவில்லை. ஆளும் இல்லை, உடலும் இல்லை. இந்தப் பத்தியை நீட்டி எழுதிப் பார்த்தேன். கிழித்துப் போட்டுவிட்டேன்.

படப்பிடிப்பைப் பார்த்த குடும்பங்களில் பாதி இந்தியாவுக்குப் போய்விட்டன. மூன்று வருடம் கழித்து வாத்தியாராக நான் வந்தேன். தோட்டத்துக் கத்தோலிக்கக் கோயிலில் இறந்தோர் பட்டியல் எழுதும் வேலையும் என் தலையில் விழுந்தது. இறந்தோர் நினைவு நாளான நவம்பர் இரண்டாம் திகதிப் பூசையில் அதை வாசிப்பார்கள். படம் எடுத்த கதையை யாரும் எனக்குச் சொல்லவில்லை. சிலுவையைப் பார்த்தேன், ஐயோ, அநாதையாகக் கிடக்கிறாளே என்று அன்னாவின் பெயரையும் ஏற்றினேன். பிழை அதுதான்.

இருபத்தொரு வருடம் அன்னாவுக்குச் செபமும் மெழுகுதிரியும் நடந்தன. அதே காலத்தில் இர்ம்கார்ட் ஜெர்மன் டெலிவிஷனில் பொலிஸ் அதிகாரியாகத் திருடர்களைத் துரத்தினார். பிறகு ஆஸ்பத்திரித் தொடரில் தலைமைத் தாதி. பிறகு யார் யாருக்கோ மாமியார்.

நோபர்ட்டின் பெயரை மட்டும் அக்கா தரவே இல்லை. கேட்டால், “கண்ணால காணாம எப்புடிங்க குடுக்கிறது?” என்பார்.

4

2007இல் அக்கா வந்தார். வயது அறுபது, நெஞ்சு வருத்தம் என்கிற இருதய நோய். கையில் ஒரு போட்டோ, அதில் நடிகையின் கையெழுத்து. அன்றைக்குத்தான் எனக்கு எல்லாம் தெரிந்தது.

“ஏன் இவ்வளவு காலமும் சொல்லல?” என்று கத்தினேன்.

“ஒரு மெழுகுதிரி கூட எரிஞ்சா யாருக்கு என்ன நட்டம் மாஸ்டர்? அத விடுங்க. அந்தம்மா உசிரோடதானே இருக்காங்க, ஒரு கடிதாசி போடுங்க. அந்த எடத்த இவருக்குத் தருவாங்களான்னு கேளுங்க. நான் கண்ண மூடுறதுக்குள்ள இவர ஒரு எடத்துல வச்சிட்டுப் போகணும்.”

(முதல் வரைவில் நடிகை மறுத்துவிடுகிறார். கதைக்கு அது நல்ல முடிச்சு. ஆனால் நடந்தது வேறு.)

பதில் வந்தது: “பதினொரு தடவை திரையில் செத்திருக்கிறேன். அந்தக் குழியிலிருந்து மட்டும் என்னால் ஏற முடியவில்லை. வெட்டியவர்தான் கைகொடுத்துத் தூக்கிவிட்டார். இடம் அவருடையது.”

தமிழில் சொன்னேன். அக்கா சிரித்தார், பிறகு அழுதார். “கை குடுத்தாராமா? எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லலியே, பாவி மனுசன்!”

5

இன்று நவம்பர் ஒன்று. பட்டியலில் அன்னாவை வெட்டிவிட்டேன். பேனாவை அக்காவிடம் நீட்டினேன். வாங்கவில்லை.

“நான் எழுதினா நானே அவர முடிச்ச மாதிரி. நீங்களும் வேணாம் மாஸ்டர், பொறகு உங்க மூஞ்சியில முழிக்க ஏலாது. இந்தத் தோட்டத்து ஆளே வேணாம். நான் வாழ்நாள்ல பாக்காத யாராச்சும் எழுதட்டும்.”

அப்படி ஒருவருக்கு நான் எங்கே போவேன்? யோசித்துப் பார்த்தால், நீங்கள் ஒருவர்தான் இருக்கிறீர்கள். அதற்காகத்தான் இவ்வளவையும் உங்களிடம் சொன்னேன்.

வரி காலியாக இருக்கிறது. பெயர் நோபர்ட். பூசை காலை ஆறு மணிக்கு. அதற்குள் எழுதினாலும் சரி, இன்னும் ஒரு வருடம் அவர் பேட்டரி வாங்கப் போனவராகவே இருக்கட்டும் என்று விட்டாலும் சரி.