எட்டு மணிச் சத்தம்

எங்கள் லிங்கநகர் வீட்டில் காலை எட்டு மணிக்கு ஏதோ ஒன்று கத்தத் தொடங்கிப் பதினொரு நாளாகிவிட்டது. கீ-கூ, கீ-கூ என்று கொஞ்ச நேரம். பிறகு கப்சிப். குசினியில் சமைத்துக்கொண்டு நிற்கிற பொம்பிளைக்கு இதைவிட எரிச்சல் வேண்டுமா?

முதலில் பாங்கு சொல்லும் மணிக்கூட்டைச் சந்தேகப்பட்டு பெட்டரி மாற்றினேன். அடங்கவில்லை. கழற்றிப் பக்கத்து வீட்டு ஜெஸ்மினிடம் கொடுத்தேன். மறுநாளும் கத்தியது! என் புருஷன் ஸெய்னுதீனோ நிம்மதியாகத் தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்தார். இருபது வருஷம் மீன்பிடிப் படகின் எஞ்சினுக்குப் பக்கத்தில் இருந்த காது. கீச்சுச் சத்தம் ஏறாது.

"உங்கட போன்தான் கத்துது."

"என்ட போன ஏன் புள்ள வம்புக்கு இழுக்கிற?"

அவரோடு மல்லுக்கு நிற்கவும் ஏலாது. இரண்டு வருஷத்துக்கு முன் கொழும்பில் அவருடைய நெஞ்சுத் தோலுக்கடியில் ஒரு பெட்டி வைத்தார்கள். இதயம் தாறுமாறாகத் துடித்தால் அது கரண்ட் அடித்து நேராக்கும். வீட்டுக்கு அனுப்பும்போது சிங்கள நேர்ஸ் மிஸ் ஒருவர் அரைகுறைத் தமிழில் திரும்பத் திரும்பச் சொன்னார்: "சத்தி வந்தா ஒடன வாங்க."

சத்தி என்றால் வாந்திதானே? அன்றிலிருந்து அவர் வாந்தி எடுக்காமல் பார்ப்பதே என் வேலை. பொரியல் இல்லை, இறால் இல்லை. ஏப்பம் விட்டாலும் வாளியோடு ஓடுவேன். இரண்டு வருஷத்தில் ஒரு தரம்கூட அவர் சத்தி எடுக்கவில்லை. எனக்கு அதில் பெருமையோ பெருமை.

பன்னிரண்டாம் நாள் விடியவே அவர் கந்தளாயிலுள்ள தன் தங்கச்சி சப்ரினா வீட்டுக்குப் புறப்பட்டார். போனைக் கையும் களவுமாகப் பிடிக்க வேண்டுமென்று அதைப் பறித்து வைத்துக்கொண்டேன். எட்டு மணியானது. மேசையில் போன் சும்மா கிடந்தது. எட்டு ஐந்துக்கும் வீட்டில் ஒரு சத்தமும் இல்லை.

"அல்ஹம்துலில்லாஹ், தொலைஞ்சிது சனியன்!" என்று வாய்விட்டே சொன்னேன்.

அப்போது சப்ரினா அழைத்தாள்.

"மச்சி, ஸெய்னுதீன் காக்கா சட்டைக்குள்ள என்னத்த வெச்சிருக்கார்? நெஞ்சுக்குள்ள இருந்து அம்புலன்ஸ் மாதிரிக் கத்துதே!"

யா அல்லாஹ்! நான் கொல்லத் தேடியது அவர் நெஞ்சுக்குள் இருந்திருக்கிறது.

"அவர எழும்ப விடாத! அம்புலன்ஸுக்கு அடி!" என்று கத்தினேன்.

அன்று பின்னேரமே கொழும்பில், பெட்டி வைத்த அதே ஆஸ்பத்திரியில், டொக்டர் எக்ஸ்ரே படத்தைக் காட்டினார். "பெட்டியில இருந்து இதயத்துக்குப் போற வயர் உடைஞ்சிருக்கு. அதுதான் பெட்டி ஒவ்வொரு நாளும் கூப்பிட்டிருக்கு. இதுக்கிடையில இதயம் தடுமாறியிருந்தா பெட்டியால காப்பாத்த ஏலாது. நாளைக்கே மாத்திறம். சொல்லித்தானே அனுப்பினது, ஏனம்மா கொண்டு வரேல்ல?"

"அவர் ஒருக்காவும் சத்தி எடுக்கல்லயே, டொக்டர்!"

டொக்டர் திரும்பிப் பார்த்தார். பின்னால் நின்றது அதே நேர்ஸ் மிஸ்தான்.

"சத்தி இல்ல அம்மா. சத்த... சத்த..." என்று தன் காதைத் தொட்டுக் காட்டினார்.

சத்தம்! பன்னிரண்டு நாள்! மணிக்கூட்டுக்குப் பெட்டரி மாற்றிக்கொண்டிருந்திருக்கிறேன். அந்த இடத்திலேயே நான் சத்தி எடுத்தேன்.