மீதி இரண்டு படங்கள்

தலைமை ஆசிரியையின் அறையில் அன்று யார் யார் எங்கே உட்கார்ந்திருந்தார்கள் என்று சொல்லிவிட்டால் பாதி விஷயம் விளங்கிவிடும். மேசைக்குப் பின்னால் சுழல் நாற்காலியில் தலைமை ஆசிரியை. அவருக்கு வலப்பக்கம், பிளாஸ்டிக் நாற்காலியின் நுனியில், பத்தாம் வகுப்பு ஆசிரியர். சுவரை ஒட்டிய சோபாவில் பேருந்து ஓட்டுநரும் அவர் மனைவியும். மனைவி நர்ஸ், வேலையிலிருந்து நேரே வந்ததால் சட்டைப்பையில் பேனாவும் கத்தரியும் அப்படியே இருந்தன. அவர்களுக்கு எதிரே ஒரு பையனும் அவனுடைய தாய்மாமாவும். மாமாவுக்கு நாற்காலி கிடைத்திருந்தது. பையன் நின்றான். கதவோரம், அலமாரிக்கும் குடை மாட்டும் கம்பிக்கும் நடுவில் கிடந்த ஸ்டூலில், மடியில் கேமரா பையோடு போட்டோக்காரர்.

யாருக்காகக் கூட்டம் கூடியதோ அவன் உள்ளே வரவில்லை. ஓட்டுநரின் மகன் வராந்தா பெஞ்சில், வாயில் கைக்குட்டையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான்.

போட்டோக்காரருக்கு இந்த விவகாரத்தில் என்ன வேலை என்று கேட்டால், ஒன்றுமில்லை என்றுதான் அவரும் நினைத்து வந்தார். பொதுத்தேர்வு விண்ணப்பத்தில் புதிய படம் ஒட்ட வேண்டும். வகுப்பில் எல்லோரும் எடுத்துக்கொண்டாயிற்று. ஓட்டுநரின் மகன் மட்டும் கேமரா முன்னால் உட்கார மாட்டேன் என்கிறான். படம் இல்லாவிட்டால் தேர்வு இல்லை. "பேச்சு முடிஞ்சதும் அவனை எப்படியாவது ஒரு படம் எடுத்துக் குடுத்துட்டுப் போங்க" என்று தலைமை ஆசிரியை போனில் சொல்லியிருந்தார்.

"எல்லாரும் இதை ஒரு தடவை பாருங்க. எதைப் பத்திப் பேசறோம்னு தெரியணும்ல" என்று தலைமை ஆசிரியை தன் போனை மேசை நடுவே தள்ளினார்.

போன் கைமாறியது. ஓட்டுநர் அதைப் பார்க்காமலே மனைவியிடம் கொடுத்தார். நர்ஸ் அதைக் கவிழ்த்தபடியே எதிர்ப்பக்கம் நீட்டினார். தாய்மாமா பார்த்தார், அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது, இருமலாக மாற்றி விழுங்கினார். கடைசியாகப் போட்டோக்காரர் கைக்கு வந்தது.

ஒரு ஸ்டிக்கர். வெறும் முகம். கண் பாதி செருகி, மூக்கு விடைத்து, வாய் ஒரு பக்கமாய் இழுத்துக்கொண்டு, தும்மல் வருவதற்குச் சற்று முந்திய முகம். கீழே வளைந்த எழுத்தில்: தும்மல் துரை.

போட்டோக்காரர் போனைக் கண்ணருகே கொண்டுபோனார்.

அவர் முதலில் பார்த்தது முகத்தை அல்ல, வெட்டை. போனில் இருக்கும் ஆப் வெட்டினால் தலை மொழுக்கென்று முட்டைபோல வரும். இதில் காதோரம் பறக்கும் இரண்டு முடிகூடத் தப்பவில்லை. "முடியை மழிச்சுடாதே, ஆள் ஆளா இருக்கணும்" என்று சொல்லிச் சொல்லி அவர் ஒரே ஒரு ஆளுக்குத்தான் அந்த வேலையைப் பழக்கியிருந்தார். அவர் மகளுக்கு. அவள் இதே வகுப்பில், ஜன்னலோர மூன்றாவது பெஞ்சில் உட்காருகிறாள்.

படமும் அவருடையதுதான். ஆளுக்கு மூன்று படம் எடுப்பது அவர் வழக்கம். நன்றாக வந்த ஒன்று பள்ளிக்குப் போகும். கண் மூடியது, கழுத்து சாய்ந்தது என்று மீதி இரண்டும் கம்ப்யூட்டரில் 'மீதி' என்ற போல்டருக்குப் போகும். எந்தக் காலத்திலும் எதையும் அழித்ததில்லை. ஏன் என்று யாராவது கேட்டால், "கிடக்கட்டும், சோறா போடறோம் அதுக்கு?" என்பார்.

அந்தப் பெயர்? அதை யார் வைத்தது என்பதும் அவருக்கு அந்த ஸ்டூலிலேயே நினைவுக்கு வந்துவிட்டது.

பள்ளி அடையாள அட்டைக்குப் படம் எடுத்த வாரம். ஸ்டுடியோவில் அவரும் மகளும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து படங்களைப் பிரித்துக்கொண்டிருந்தார்கள். மகளுக்குப் பதினைந்து வயது ஆனதிலிருந்து அப்பாவிடம் பேச்சு சுருங்கிப் போயிருந்தது. 'ம்', 'இல்ல', 'அப்புறம்' என்ற மூன்றே சொல்லில் வாரத்தை ஓட்டிவிடுவாள். அன்று இந்தப் படம் திரையில் வந்ததும் அவர் சும்மா இருக்காமல், "ஆகா, தும்மல் துரை வர்றாருடீ! எல்லாரும் குடையை விரிங்க!" என்றார். அவள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். எத்தனை நாள் கழித்து அந்தச் சிரிப்பு! அதை விட மனசில்லாமல் அவர் எழுந்து நின்று துரை நடப்பதுபோல் நடந்தும் காட்டினார்.

"வகுப்புல இவன் எழுந்து நின்னாப் போதும் மேடம்," நர்ஸ் பேச ஆரம்பித்திருந்தார். "நாலு பக்கமும் 'அச்சு அச்சு'ன்னு தும்மறாங்களாம். போன்லயும் அதே. தும்மற சத்தத்தை ரெக்கார்ட் பண்ணி அனுப்பறாங்க. இவன் பிறந்தநாளுக்கு வாழ்த்து வரலை, நாற்பது தும்மல் வந்துச்சு. இப்ப வீட்லகூட தும்மல் வந்தா மூக்கைப் பிடிச்சு உள்ளயே அமுக்கிக்கிறான். நேத்து மூக்குலருந்து ரத்தம். நான் நர்ஸு, ஊர்ல இருக்கிறவங்க ரத்தத்தையெல்லாம் துடைக்கிறேன். என் பிள்ளை தும்மறதுக்குப் பயப்படறான்."

ஓட்டுநரின் கால் பிரேக்கை மிதிப்பதுபோல் தரையை அழுத்திக்கொண்டிருந்தது.

தலைமை ஆசிரியை நின்றிருந்த பையனிடம் திரும்பினார். "குரூப்புக்கு அட்மின் நீதானே?"

"நான் வீட்டுப்பாடம் போடத்தான் மேடம் ஆரம்பிச்சேன்."

"வாயை மூடுடா," என்றார் மாமா. "வீட்ல ஒரு வாளி தண்ணி தூக்கச் சொன்னா கை வலிக்கும். இதுக்கு அட்மினாம் அட்மின்!"

"ஸ்டிக்கரைச் செஞ்சது யாரு?"

"தெரியாது மேடம். பார்வர்டாத்தான் வந்துச்சு."

"யார்கிட்டருந்து?"

"எல்லார்கிட்டருந்தும்."

"நல்லா இருக்கு கதை. திங்கட்கிழமைக்குள்ள யாருன்னு சொல்லணும். இல்லேன்னா செஞ்சது நீதான்னு வச்சுக்குவேன். சான்றிதழை வாங்கிட்டு வேற ஸ்கூல் பாத்துக்கலாம். பரீட்சை நெருங்கற நேரத்துல யாரு சேர்த்துக்குவாங்கன்னு மாமாவையே கேளு."

மாமாவின் முகத்தில் மிச்சமிருந்த கோபம் அப்படியே வடிந்தது. பையனின் சட்டையைப் பின்னாலிருந்து பிடித்துக்கொண்டார், கூட்டத்தில் சின்னப்பிள்ளை தொலைந்துவிடாமல் பிடிப்பதுபோல.

வகுப்பு ஆசிரியர் போட்டோக்காரரைப் பார்த்துத் தலையாட்டினார். "இவர் பொண்ணும் அதே வகுப்புதான். இந்த மாதிரி சேட்டைக்கெல்லாம் போறதே இல்ல. வளர்ப்புன்னு ஒண்ணு இருக்குல்ல."

தலைமை ஆசிரியைக்கு அப்போதுதான் தோன்றியிருக்க வேண்டும். "சார், இது நீங்க எடுத்த படமா? உங்ககிட்டருந்து வெளிய போயிருக்குமா?"

அறையில் இருந்த எல்லோரும் ஸ்டூலைத் திரும்பிப் பார்த்தார்கள். பதில் நாக்கு நுனியில் தயாராக நின்றது. "ஸ்கூலுக்கு நான் குடுத்தது ஒரே படம்தான் மேடம். அது நல்ல படம்" என்றார் போட்டோக்காரர். ஒரு சொல்கூடப் பொய்யில்லை. அதனால்தான் அவ்வளவு சுலபமாக வந்தது.

"அப்ப இவங்களே போன்ல எடுத்திருப்பாங்க" என்று தலைமை ஆசிரியை முடித்துவிட்டார். அட்மின் பையன் மட்டும் போட்டோக்காரரையே பார்த்துக்கொண்டிருந்தான். சந்தேகத்தோடு அல்ல, யாராவது ஒருவர் தனக்காக ஏதாவது சொல்ல மாட்டாரா என்று.

கூட்டம் முடிந்தது. வராந்தாவில் ஓட்டுநரின் மகன் ஒதுங்கி உட்கார்ந்து இடம் கொடுத்தான். போட்டோக்காரர் பையைத் திறந்து கேமராவை எடுத்து லென்சைத் துடைத்தார். துடைத்த லென்சையே மறுபடியும் துடைத்தார்.

"அங்கிள், எத்தனை எடுப்பீங்க?" கைக்குட்டைக்குள்ளிருந்து வந்தது கேள்வி.

"மூணு தம்பி." வாய்ப் பழக்கம்.

"மீதி ரெண்டை என்ன பண்ணுவீங்க?"

பையன் குத்திக் கேட்கவில்லை. பல் டாக்டரிடம் வலிக்குமா என்று கேட்பதுபோல் கேட்டான். ஒரு நிமிஷம் முன்னால் அத்தனை பேர் மத்தியில் போட்டோக்காரருக்குச் சரளமாக வந்த பேச்சு, இந்த ஒற்றை ஆளிடம் அடைத்துக்கொண்டது.

"இன்னிக்கு வேண்டாம்" என்று கேமராவை உள்ளே வைத்தார். "நீ எப்ப சொல்றியோ அப்ப எடுக்கலாம். ஒண்ணே ஒண்ணுதான் எடுப்பேன். நீ பாத்து சரின்னு சொன்னாத்தான் வச்சுக்குவேன்."

பையன் தலையசைத்தான். நம்பினானா என்று தெரியவில்லை.

ஸ்டுடியோவுக்கு வந்ததும் அவர் செய்த முதல் காரியத்தைச் சொல்லாமல் விட்டால் அவரை நல்லவராக்கியதாகிவிடும். கம்ப்யூட்டரைப் போட்டு 'மீதி'யைத் திறந்தார். எத்தனையோ வருஷத்து முகங்கள், கண் மூடி, வாய் பிளந்து, தலை சாய்ந்து. தெரிந்தவர்களில் முக்கால்வாசிப்பேர் அங்கே அசடு வழிந்துகொண்டிருந்தார்கள். தும்மல் முகத்தைத் தேடிப் பிடித்து அதன்மேல் அம்பைக் கொண்டுபோய் வைத்தார். ஒரு பட்டனைத் தட்டினால் போதும். அதன்பிறகு யார் வந்து கேட்டாலும் காட்ட ஒன்றும் இருக்காது.

"அழிக்கப் போறீங்களாப்பா?"

மகள் புத்தகப் பையோடு வாசலில் நின்றாள். ஷூவைக்கூடக் கழற்றவில்லை.

"நானும் என் போன்ல அழிச்சுட்டேன். அன்னிக்கே. அது போகலையே" என்றாள்.

"ஏன் பாப்பா செஞ்சே?"

"ஒருத்திக்குத்தான் அனுப்பினேன். அவ சிரிப்பான்னு. அவ இன்னொருத்திக்கு..." அவள் திரையைக் காட்டினாள். "நீங்கதான் பேரு வச்சீங்க. நடந்துகூடக் காமிச்சீங்க. அதான் அது சிரிக்கிற விஷயம்னு நெனச்சேன்."

"வகுப்புல எல்லாரும் தும்மறாங்களாமே. நீ?"

அவள் பையைத் தோளிலிருந்து இறக்கினாள். "தும்மலேன்னா நான்தான் செஞ்சேன்னு தெரிஞ்சுடும்னு பயந்தேன். நான்தான்பா எல்லாரையும்விடச் சத்தமா தும்முவேன்."

கை ஓங்க வேண்டும் என்று ஒரு நொடி தோன்றியது. ஓங்க அவருக்கு முகம் ஏது? அவளுக்கும் கொஞ்சம் இடம் விட்டு கம்ப்யூட்டர் முன்னாலிருந்த பெஞ்சில் நகர்ந்து உட்கார்ந்தார்.

"அந்த அட்மினை அனுப்பிடுவாங்களாப்பா?"

"திங்கட்கிழமை."

"அவன் எனக்கு ரெக்கார்ட் நோட்டு குடுத்தவன்பா" என்றாள், அதுதான் எல்லாவற்றிலும் பெரிய விஷயம் என்பதுபோல.

தலைமை ஆசிரியையிடம் போனில் சொல்லிவிடலாம் என்று அவள் சொன்னாள். அவர் ஒத்துக்கொள்ளவில்லை. போனில் சொன்னால் எதிரே இருப்பவர் குரலைக் கேட்டு நடுவில் வளைந்துவிடுவோம் என்று அவருக்குத் தன்னைப் பற்றித் தெரியும். இன்றைக்குத்தான் தெரிந்தது. காகிதம் எடுத்தார். பள்ளியில் சொல்லிக் கொடுத்தபடி அனுப்புநர், பெறுநர், பொருள் என்று வரிசையாகப் போட்டார். பொருள்: 'தவறுதலாக வெளியான படம் குறித்து.' படித்துப் பார்த்தார். தவறுதலாகவாம். அந்தச் சொல்லை அடித்தார். 'வெளியான' என்பதும் இடித்தது. படத்துக்குக் காலா இருக்கிறது, தானாக வெளியே போக? அதையும் அடித்தார்.

புதுக் காகிதத்தில் எழுதினார்: 'அந்தப் படம் என் கேமராவில் எடுத்தது. பள்ளிக்குக் கொடுக்காமல் நான் வைத்துக்கொண்டிருந்தது. அதிலிருந்து ஸ்டிக்கர் செய்தவள் என் மகள். அந்தப் பெயரை வைத்தவன் நான். இன்று நீங்கள் கேட்டபோது தெரிந்துகொண்டே மறைத்தேன். குழு ஆரம்பித்த மாணவனுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. அடுத்த வருடப் படங்களுக்கு நீங்கள் வேறு ஆள் பார்ப்பதாக இருந்தால் நான் வருத்தப்பட மாட்டேன்.' கடைசி வரி பொய் என்று அவருக்கே பட்டது. பள்ளி வேலை போனால் வருஷ வருமானத்தில் பாதி போய்விடும். 'வருத்தப்பட மாட்டேன்' என்பதை 'அது நியாயம்தான்' என்று மாற்றினார்.

"நானும் எழுதணுமா?"

"உன் இஷ்டம்."

அவள் பேனாவை வாங்கி, அவர் கையெழுத்துக்குக் கீழே குனிந்து எழுதினாள். 'நான்தான் செய்தேன். திங்கட்கிழமை வகுப்பில் எல்லோர் முன்னாலும் எழுந்து நின்று சொல்கிறேன். அந்தப் படத்தில் இருப்பவன் வந்தாலும் சொல்வேன், வராவிட்டாலும் சொல்வேன்.' பேனாவை மூடி வைத்தாள். "எழுந்து நின்னா எனக்கும் தும்முவாங்கப்பா."

"தும்முவாங்க" என்றார் அவர். வேறு ஆறுதல் எதுவும் அவரிடம் இல்லை.

'மீதி'யை முழுவதுமாக அழித்தார்கள், அந்த ஒரு படம் தவிர. அதைத் தலைமை ஆசிரியை பார்க்கட்டும், படத்தில் இருப்பவனின் அப்பா அம்மா எதிரில் அழிக்கட்டும் என்று கடிதத்தில் ஒரு வரி சேர்த்தார்.

வெறும் கவர் ஒன்று தேடினார். ஸ்டுடியோவில் இருந்ததெல்லாம் படம் போட்டுக் கொடுக்கும் கவர்தான். முகப்பில் 'உங்கள் முகம் எங்கள் பொறுப்பு' என்று பொன்னிற எழுத்து. பேனாவால் அதை அடிக்கப் போனவர், விட்டுவிட்டார். அட்டையில் படம் ஒட்டும் பசையைத் தடவி மூடி, கட்டைவிரலால் ஓரம் முழுக்க அழுத்தினார்.

பள்ளிக் கேட் பூட்டியிருந்தது. கேட்டில் பதித்த தகரப் பெட்டியின் வாய் குறுகல். கவர் பாதியில் நின்றது. மகள் அதன் ஒரு முனையைப் பிடித்தபடியே இருந்தாள்.

"விடு பாப்பா."

அவள் விட்டாள். உள்ளே தகரத்தில் கவர் விழுந்த சத்தம் கேட்டது.