உத்திராபதியாள் என்ற பெயர்

ரெத்தினத்தின் மண்வெட்டி ஏன் நின்றது என்று உத்திராவுக்குப் புரியவில்லை.

அதே மண்வெட்டிதான் சற்று முன்னால் அவள் அண்ணன் இளம்பரிதியின் முழங்கையைப் பிளந்தது. எலும்பு வெளியே தெரிந்தது. அண்ணன் வாய்க்காலுக்குள் விழுந்ததும் ரெத்தினம் மறுபடி ஓங்கினார், இந்தத் தடவை கழுத்துக்கு. உத்திரா பாய்ந்து அண்ணன் மேல் குப்புற விழுந்தாள். கரையிலிருந்து அம்மா அவள் பேரைச் சொல்லி அலறினாள். மண்வெட்டி பிடரிக்கு ஒரு சாண் மேலே நின்றது. ரெத்தினம் அதை அண்ணனின் பைக் மேல் வீசினார், ஹெட்லைட்டை உதைத்து நொறுக்கினார். அவளைத் தொடவில்லை.

தப்பு அண்ணன் மேல்தான். திருத்துறைப்பூண்டிக்குக் கிழக்கே, கடைமடையில் இருக்கிற ஊர் அது. ஆற்றுத் தண்ணீர் அங்கே வந்து சேரும்போது இளைத்துப் போயிருக்கும். அதனால் முறை வைத்துப் பாய்ச்சுவார்கள். ஒருவர் வயல் பாயும்போது மற்றவர்கள் தங்கள் மடையை மண் வைத்து அடைத்துவிட வேண்டும். அன்று பக்கத்து வயல்காரர் ரெத்தினத்தின் முறை. அண்ணன் தன் மடையை வெட்டித் திறந்தான். கேட்க வந்த ரெத்தினத்தின் மகன் அரவிந்தனைக் கடப்பாரையால் தாடையில் அடித்தான். பற்கள் சேற்றில் விழுந்தன.

போலீசுக்கு இரண்டு வீடுமே போகவில்லை. போனால் இரண்டு பக்கத்து ஆண்களும் உள்ளே போக வேண்டும். ரெத்தினம் ஆஸ்பத்திரி வாசலுக்கே வந்து அம்மாவிடம் சொல்லிவிட்டுப் போனார்: "ஊருக்குள்ள வரட்டும். கையில கட்டுப் பிரிக்கிறதுக்குள்ள தலைய எடுத்துடுவேன்."

சொன்னால் செய்கிறவர்தான். உத்திரா மோட்டார் வைண்டிங் கடை நடத்துகிறவள். ஓடுகிற மோட்டார் நின்றால் அதற்குக் காரணம் உண்டு. காரணம் தெரிந்தால் வேண்டும்போது நிறுத்தலாம். பெண் என்று பார்த்திருப்பாரோ? அதே சண்டையில் அண்ணி பூவிழியின் விலாவில் உதைத்தவர் அவர். அம்மாவைக் கேட்டாள். அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

அண்ணனை வீட்டுக்குக் கூட்டிவருவதற்கு முந்தின நாள், உச்சி வெயிலில், ரெத்தினத்தின் வீட்டுக்கே போனாள். அவர் மனைவி ஜெயபாரதி கதவை மறித்தாள். அவர் விடச் சொன்னார்.

"என்னை ஏன் வெட்டல, பெரியப்பா?"

"உன் பேரு யாருதுன்னு உங்க வீட்டுல சொல்லலையா?"

பிறகு அவரே சொன்னார். உத்திராபதி என்பது அவர் அப்பா பேர். திருச்செங்காட்டங்குடிச் சாமியின் பேர். டெல்டாவில் ஆண்களுக்கு வைப்பது. உத்திராவின் தாத்தா அந்த உத்திராபதியை இதே வாய்க்காலில் வெட்டினார், முகத்தைச் சேற்றில் அழுத்தி, குமிழி நிற்கும் வரை முதுகில் மிதித்தார். பதிலுக்குத் தாத்தாவின் தம்பியை வைக்கோல் போருக்குள் தள்ளிக் கொளுத்தினார்கள். அதற்கு மேல் பிணம் விழாமலிருக்க ஊர் ஒரு கட்டுப்பாடு போட்டது. முதலில் கொன்ற வீட்டில் அடுத்துப் பிறக்கும் பெண்ணுக்குச் செத்தவரின் பேர். அதைச் செத்தவரின் மனைவியே வந்து குழந்தையின் காதில் சொல்ல வேண்டும். ரெத்தினத்தின் அம்மா வந்து 'உத்திராபதியாள்' என்று சொன்னாள். ஆண் பிள்ளைக்கு வைத்தால் அந்தப் பேரைக் காட்டிச் செத்தவரின் நிலத்தில் பங்கு கேட்பான் என்று பயம், அதனால் பெண்ணுக்கு.

கொன்றவர்கள் ஒவ்வொரு நாளும் தங்கள் வாயால் அவர் பேரைச் சொல்வார்கள். அது காதில் விழுகிற வரை செத்தவரின் வீட்டாருக்குக் கை எழாது.

ஆனால் உத்திராவின் வீட்டுக்கு அது அவமானமாக இருந்தது. தொட்டிலிலேயே உத்திரா என்று சுருக்கிவிட்டார்கள். அண்ணனிடமும் எதையும் சொல்லவில்லை. அன்று வாய்க்கால் கரையில் அம்மா பயத்தில் கத்தியதுதான் முழுப் பேர்.

"எங்கப்பன் பேரையும் வெட்டிப்புட்டீங்களேடி," என்றார் ரெத்தினம்.

அண்ணன் தன்னை முழுப் பேர் சொல்லிக் கூப்பிட்டால் நிறுத்துவீர்களா என்று கேட்டாள். அவர் காறித் துப்பினார்.

"கூப்பிடட்டும், பாப்போம்."

மறுநாள் வேனில் வரும்போது அண்ணனிடம் எல்லாவற்றையும் சொன்னாள். அவன் சிரித்தான். "பேரு என்ன இரும்புச் சட்டையா?"

வாய்க்கால் பாலத்தில் ரெத்தினம் அரிவாளோடு நின்றார். வேன் கதவைத் திறந்து அண்ணனைச் சட்டையைப் பிடித்து இழுத்துக் கீழே போட்டார். உத்திரா குறுக்கே வர, அரவிந்தன் அவள் இடுப்பைப் பிடித்துத் தூக்கி அப்பால் நிறுத்தினான். சொல்லு என்று அவள் கத்தினாள். அண்ணன் பல்லைக் கடித்துக்கொண்டு கிடந்தான். அரிவாள் காதோரம் இறங்கியது. காது மடல் கிழிந்து தொங்கியது. ரெத்தினம் மறுபடி ஓங்கினார்.

"உத்திராபதியா," என்று அவளைக் கூப்பிட்டான் அண்ணன்.

"இன்னொரு தடவை," என்றார் ரெத்தினம்.

"உத்திராபதியா. வா, என்னைத் தூக்கு."

ரெத்தினத்தின் கை மெல்ல இறங்கியது. அரவிந்தன் அவளை விட்டான்.

அதற்குப் பிறகு அவள் வீட்டில் யாரும் அவளை உத்திரா என்று கூப்பிடுவதில்லை. கொன்ற வீடு, செத்தவரின் பேரைத் தன் பெண்ணுக்கு வைத்து, குறைக்காமல், தினமும், செத்தவரின் வீட்டுக்குக் கேட்கும்படி கூப்பிட வேண்டும். கூப்பிடுகிற வரை அரிவாள் இறங்காது.