சுவரோரத்துச் சாமிகள்

செவ்வாய்க்கிழமை காலை அவள் விளக்குமாறோடு கோயிலின் பின்சுவர்ப் பக்கம் திரும்பியபோது பன்னிரண்டு படங்கள் இருந்தன. முந்தின நாள் சாயங்காலம் ஒன்றுகூட இல்லை. கண்ணாடி கீறிய முருகன், ஈரம் ஏறி முகம் கரைந்த லட்சுமி, நடுவில் பிள்ளையார் அமர்ந்திருக்க முள் நின்றுபோன ஒரு சுவர்க் கடிகாரம். ‘சாமி படங்களை இங்கே வைக்காதீர்கள்’ என்று மேனேஜர் சிவப்பு பெயின்டில் எழுதிவைத்திருந்த பலகையின் மேலேயே யாரோ ஒரு பெரிய சட்டத்தைச் சாய்த்துவிட்டுப் போயிருந்தார்கள்.

கோயிலுக்கு வெளியே சுற்றுச்சுவர் முழுக்க அவள் பொறுப்பு. எச்சில் துப்பினால் தண்ணீர் ஊற்றிக் கழுவலாம். காகிதக் கோப்பைகளைக் கூட்டி அள்ளலாம். வாசலை மறித்து வண்டி நிறுத்துகிறவனை நாலு வார்த்தை கேட்கலாம். இந்தப் படங்களுக்குத்தான் வழியே இல்லை. “நான் புள்ளகுட்டிக்காரன்மா, சாமிய அள்ளி வண்டியில போடமாட்டேன்” என்று குப்பை வண்டிக்காரர் ஒதுங்கிக்கொண்டார். பின்னமான படம் உள்ளே வரக்கூடாது என்று குருக்கள் சொல்லிவிட்டார். வெள்ளிக்கிழமைக்குள் சுவரோரம் சுத்தமாக இருக்க வேண்டும் என்று மேனேஜர் மட்டும் தினமும் சொன்னார். எப்படி என்று அவர் சொல்லவில்லை.

அதனால் அவளே செய்தாள். சாக்கை விரித்து உட்கார்ந்து, குறடால் ஆணிகளைப் பிடுங்கி, கண்ணாடி தனி, சட்டம் தனி, தாள் தனி என்று பிரிப்பாள். ஒவ்வொரு படத்துக்கும் முன்னால் “மன்னிச்சுக்கோ சாமி, வேற வழியில்ல” என்பாள். தாள்களை எரித்துச் சாம்பலை மரத்தடியில் கொட்டுவாள். வீட்டில் கும்பிட்டுத் தீர்த்துவிட்டுப் பாவத்தை மட்டும் தன் தலையில் இறக்கிவிட்டுப் போகிறவர்களை நினைத்தால் அவளுக்குப் பற்றிக்கொண்டு வரும்.

பன்னிரண்டாவது படம் குப்புறக் கிடந்தது. திருப்பினாள். அவளுடைய மாமனார்.

தடித்த மூக்குக்கண்ணாடி, தோளில் மடித்த சால்வை, நெற்றிக்கு நேரே கண்ணாடியில் காய்ந்துபோன சந்தனப் பொட்டு. படுக்கையில் கிடந்த மூன்று வருஷமும் மனிதர் அவள் வீட்டில்தான் இருந்தார். காப்பியில் சூடு போதாது, மின்விசிறி சத்தம் போடுகிறது, துணியைச் சரியாகப் பிழியவில்லை. ஒரு நாளாவது அவர் தன் வாய்க்கு ஓய்வு கொடுத்ததில்லை. அவர் போனபிறகு, சின்னவன் வீட்டில் கூடம் பெரிசு என்று படம் அங்கே போனது.

அவள் ஓரகத்திக்கு போன் போட்டாள்.

“மாமா படம் இங்க கெடக்கு.”

“வீட்டுக்கு பெயின்ட் அடிச்சோம்க்கா. செவுத்துல இனிமே ஆணி அடிக்கக் கூடாதுங்கறாரு ஒங்க கொழுந்தன். குப்பையில போட மனசு வருமா? கோயில்ன்னா நீங்க இருக்கீங்களேன்னுதான்.”

“எங்கிட்டயே குடுத்திருக்கலாமே.”

“நீங்க வேணாம்பீங்கன்னு நெனச்சேன்க்கா.”

வேண்டாம் என்றுதான் சொல்லியிருப்பாள். போனை வைத்த பிறகும் அந்தக் கோபம் அடங்கவில்லை; ஆனால் அது யார் மேல் என்பது இப்போது தெளிவாக இல்லை.

மேனேஜர் அந்தப் பக்கமாக வந்தார். “இதென்ன, இப்ப மனுசங்க படமும் வைக்க ஆரம்பிச்சுட்டாங்களா? யாரு இது?”

“எங்க மாமனார், சார்.”

அவர் படத்தைப் பார்த்தார், அவளைப் பார்த்தார். கையெடுத்துக் கும்பிடுவதா வேண்டாமா என்று யோசித்தவர்போல நின்றார். “சரி. வெள்ளிக்கிழமைக்குள்ள பாத்துக்கங்க” என்று சொல்லிவிட்டு நடந்தார்.

பதினொன்றையும் பிரித்து முடித்தாள். பன்னிரண்டாவதை மடியில் வைத்துக்கொண்டு குறடை எடுத்தாள். ஆணியில் வைத்தாள், எடுத்துவிட்டாள். சாமிகளிடம் கேட்ட மன்னிப்பை இவரிடம் கேட்க வாய் வரவில்லை. உயிரோடு இருந்தபோதே இவரிடம் கேட்டுக் கேட்டு அலுத்திருந்தது. வீட்டுக்குக் கொண்டுபோகவும் மனமில்லை. “இருங்க, வந்து பாத்துக்கறேன்” என்று அவரைச் சுவரில் சாய்த்து வைத்துவிட்டு, சுவரோரத்தைக் கழுவத் தண்ணீர் பிடிக்கப் போனாள்.

வாளியோடு திரும்பியபோது படத்தின் முன் ஒருத்தி நின்றிருந்தாள். கழுத்தில் அலுவலக அடையாள அட்டை. தோள்பை நழுவி முழங்கைக்கு வந்ததுகூடத் தெரியாமல் கண்களை மூடியிருந்தாள். செருப்பு ஓரமாகக் கழற்றி விடப்பட்டிருந்தது. சட்டத்தின் மேல் புதிதாக ஒரு மல்லிகைச் சரம்.

‘அது சாமி இல்லம்மா’ என்று சொல்ல அவள் வாயெடுத்தாள். அந்தப் பெண்ணின் உதடுகள் விடாமல் அசைந்துகொண்டிருந்தன. மூடிய கண்களிலிருந்து வழிந்த நீர் தாடை வரைக்கும் இறங்கியிருந்தது. அந்தப் பெண் அதைத் துடைக்கவில்லை.

இவள் வாளியைச் சத்தமில்லாமல் கீழே வைத்தாள். தளும்பிய தண்ணீர் தரையில் ஓடி, கழற்றி விட்ட செருப்புகளை நோக்கிப் போனது. அவள் குனிந்து, அந்த இரண்டையும் எடுத்துக் காய்ந்த இடமாகப் பார்த்து வைத்துவிட்டு, காத்திருந்தாள்.