ஒரே நாளில் மூன்று பொட்டலம்

காலையில் கடை திறந்ததும் முதல் ஆளாக உள்ளே வந்தவர் ஆர்லன் டீட்ஸ். தொப்பியில் ஒட்டியிருந்த பனியைத் தட்டிவிட்டு, அடையாள அட்டையை எடுத்து, கல்லாவில் நின்ற மார்னாவிடம் நீட்டினார்.

"என்ன ஆர்லன், அறுபத்திரண்டு வயசுலயும் அட்டை காட்டச் சொல்றாளேன்னு கோவமா?"

"கோவம் எதுக்கு? என் வயசைச் சந்தேகப்பட உலகத்துல நீ ஒருத்தியாவது இருக்கியே!"

கிழக்குக் கொலராடோவின் அந்த வட்டாரத்துக்கே அது ஒன்றுதான் அரசு அனுமதி பெற்ற கஞ்சாக் கடை. ஆர்லன் தொண்ணூறு மைல் தள்ளியிருந்து காரோட்டி வருவார். பள்ளிக்கூடப் பேருந்து ஓட்டுகிற மனிதர், அதை மோந்துகூடப் பார்த்ததில்லை. எல்லாம் மனைவி எல்டாவுக்கு. புற்றுநோய் மருந்து ஏறிய நாட்களில் நாலு வாய் சூப் உள்ளே தங்க வேண்டுமென்றால் அவளுக்கு அது வேண்டும்.

ஒரு ஆளுக்கு ஒரு நாளைக்கு இருபத்தெட்டு கிராம்தான் விற்கலாம். ஒருவர் கையில் ஐம்பத்தாறு கிராமுக்கு மேல் இருக்கக் கூடாது. வேலைக்குச் சேர்ந்த முதல் நாளே மார்னா இதையெல்லாம் படித்துக் கையெழுத்துப் போட்டிருந்தாள். கடைக் கணினி ஒரு பில்லின் எடையை மட்டுமே பார்க்கும். ஒரே ஆள் அன்றைக்கு எத்தனை தடவை வந்தார் என்று பார்க்க வேண்டியது கல்லாவில் நிற்பவர்தான்.

"அடுத்த வாரம் பனிப்புயல்ங்கறாங்க, மார்னா. ரோட்டை மூடிட்டா நான் எப்படி வருவேன்? இந்தப் பொட்டலம் அவளுக்கு எத்தனை நாள் வரும்?"

மார்னாவுக்கு மனசு இளகிவிட்டது. இளகட்டும், யார் வேண்டாம் என்றது? வாயை மூடிக்கொண்டு இளகியிருக்கக் கூடாதா!

"இப்ப ஒண்ணு வாங்கிக்குங்க. மத்தியானம் சாப்பிட்டுட்டு வாங்க, இன்னொண்ணு தர்றேன். கிளம்பறப்ப இன்னொண்ணு. ஒவ்வொரு தடவையும் அளவுக்குள்ளதானே இருக்கு?"

ஆர்லன் தயங்கினார். "சட்டப்படி சரிதானே? என் பஸ் வேலைக்கு ஏதாவது ஆச்சுன்னா எல்டாவோட வைத்தியக் காப்பீடும் போயிடும். அந்த வேலையை நம்பித்தான் அவ மருந்தே ஓடுது."

"அட, சரிதாங்க. நான் சொல்றேன்ல?"

மூன்று தடவை வந்தார், மூன்று பொட்டலம் வாங்கினார். பொழுது சாய்வதற்குள் வீட்டுப் பக்கம் கார் சறுக்கிப் பள்ளத்தில் இறங்கியது. தூக்கிவிட வந்த ஷெரீஃப் அலுவலகப் போலீஸ்காரர், சீட்டிலிருந்து கீழே சிதறிக் கிடந்த பொட்டலங்களைப் பார்த்தார். எண்பத்துநான்கு கிராம். மூன்று ரசீதிலும் ஒரே தேதி.

"கடைப் பொண்ணு சரின்னு சொல்லுச்சு" என்றார் ஆர்லன்.

"மாட்டினவங்க எல்லாரும் இதைத்தான் சொல்றாங்க, பெரியவரே."

விஷயம் திங்கட்கிழமை கடைக்கு வந்து சேர்ந்தது. மேலாளர் கேரி மார்னாவைத் தனியாகக் கூப்பிட்டார். "யாராவது கேட்டா ஞாபகமில்லன்னு சொல்லிடு. ஒரு நாளைக்கு எத்தனை மூஞ்சியைப் பாக்கறோம்!"

மார்னா தலையாட்டினாள். ஆட்டிய தலை அன்றிலிருந்து நிமிரவில்லை. வழக்கு முடியும்வரை ஆர்லனை வேலையிலிருந்து நிறுத்தி வைத்திருந்தார்கள். மஞ்சள் பள்ளிக்கூடப் பேருந்து ஒன்று தெருவில் போனால் போதும், முகத்தைத் திருப்பிக்கொள்வாள். சூப்பைக் கிண்ணத்தில் ஊற்றி வைத்துவிட்டு, அது ஆறிப்போகும்வரை பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருப்பாள். அந்த மனுஷன் வாய்விட்டுக் கேட்டாரே! தெரியாது என்று சொல்லியிருந்தால்கூட ஒற்றைப் பொட்டலத்தோடு பேசாமல் வீடு போய்ச் சேர்ந்திருப்பார். நான்தானே தைரியம் சொல்லிக் குழியில் தள்ளினேன் என்று தன்னையே திட்டிக்கொண்டாள்.

விசாரணை நாளன்று அவள் கேரியிடம் சொல்லாமல் நீதிமன்றத்துக்குப் போய் நின்றாள்.

"அன்னைக்கு மூணு தடவையும் வித்தது நான்தான். அப்படி வாங்கலாம்னு சொல்லிக் குடுத்ததும் நான்தான்."

"விதி உங்களுக்குத் தெரியாதா?" என்று கேட்டார் நீதிபதி.

"தெரியும். கையெழுத்துப் போட்டிருக்கேன். அவருக்குத்தான் தெரியாது. தெரிஞ்சுக்கணும்னுதான் என்கிட்ட கேட்டார்."

ஆர்லனுக்கு அபராதத்தோடு போயிற்று. இந்த மாதிரிக் கடையில் வேலை பார்க்க மாநிலம் கொடுத்திருந்த அனுமதி அட்டையை மார்னா இழந்தாள். அது அவளுக்குப் பெரிதாகவே படவில்லை. ஆனால் பேருந்தை அதற்குள் வேறொருவருக்குக் கொடுத்துவிட்டிருந்தார்கள். எல்டாவின் காப்பீடு அந்த மாதத்தோடு முடியவிருந்தது. பேசிய உண்மை இரண்டு வாரம் தாமதமாகிவிட்டதே, என்ன செய்ய?

வெளியே தாழ்வாரத்தில், தலையில் கம்பளித் தொப்பியோடு பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள் எல்டா. மார்னா அவள் எதிரில் போய் நின்றாள்.

"மன்னிச்சிடுங்க எல்டா. உங்க மேல இரக்கப்பட்டுத்தான் அப்படிச் செஞ்சேன்."

"தெரியும்மா. இவர் வீட்டுக்கு வந்தா உன்னைப் பத்தித்தான் பேசுவார், அவ்வளவு நல்ல பொண்ணுன்னு." எல்டா கொஞ்சம் மூச்சு வாங்கினாள். "நீ எனக்காக வளைச்சது உன் விதியை மட்டும் இல்ல. இவர் உன் பேச்சை நம்பினாரே, அந்த நம்பிக்கையையும் சேர்த்து வளைச்சிட்டே. அனுபவிக்கறது நாங்க. 'இன்னைக்கு இவ்வளவுதான், இதுக்கு மேல குடுத்தா நீங்க மாட்டிப்பீங்க'ன்னு சொல்றதும் இரக்கம்தான் மார்னா. அந்த இரக்கத்தை நீ எங்க மேல காட்டியிருக்கலாம்."