ரைமானின் இடது கால்

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எண்பத்தெட்டு மார்ச்சில், லண்டன் ஈஸ்ட் ஹாமில் யோகலிங்கம் வீட்டு மேலறைக்கு ஹோல்கர் ரைமான் என்ற ஜேர்மன்காரர் குடிவந்த அன்று, சமையலறை வெங்காயம் முழுவதும் கூடையை விட்டு இறங்கி, ஒவ்வொரு படியாக ஏறி, அவருடைய இடது காலடியில் போய் நின்றது. பின்னாலேயே ஊறுகாய்க்கு வைத்திருந்த தேசிக்காய்கள் போயின. உருளைக்கிழங்கில் உருண்டையானவை மட்டும் போயின. நீளமானவை கூடையிலேயே இருந்துவிட்டன. ரைமான் எல்லாவற்றையும் தலையணை உறையில் அள்ளிக்கொண்டு வந்து கொடுத்து, இரண்டு முறை மன்னிப்புக் கேட்டார்.

அவர் ஜேர்மனியில் பதினொரு வருடம் சம்பளத்துக்குப் பந்தாடியவர். நிலக்கரிச் சுரங்க ஊரொன்றில் பிறந்து, இருபத்தொரு வயதில் இரண்டாம் பிரிவுக் கழகமொன்றில் சேர்ந்தார். அவர் பந்தைத் தேடி ஓடியதில்லை, பந்துதான் அவரைத் தேடி வந்தது. மூன்று வருடம் ஊர் அவரைத் தோளில் தூக்கியது. நான்காம் வருடம் சந்தேகப்பட்டது. ஒரு நடுவர் ஆட்டத்தைப் பாதியில் நிறுத்தி, காந்தம் இருக்கிறதா என்று அவருடைய இடது பூட்ஸைக் கத்தியால் அறுத்துப் பார்த்தார். உள்ளே ஓட்டைக் காலுறைதான் இருந்தது. ஆனாலும் அதற்குப் பிறகு அவர் போட்ட எந்தக் கோலுக்கும் யாரும் கைதட்டவில்லை. எண்பத்து மூன்றில் லண்டனின் சின்னக் கழகமொன்று அவரை எடுத்தது. பந்து வழக்கம்போல வந்தது, முழங்கால்தான் வரவில்லை. முப்பத்து நாலு வயதில் ஓய்வு பெற்று, பூங்கா மைதானங்களுக்கு வெள்ளைக்கோடு போடும் வேலைக்குப் போனார்.

யோகலிங்கத்துக்குச் சந்தேகம் மூன்று நேரச் சாப்பாடு மாதிரி. யாழ்ப்பாணக் கச்சேரியில், அரசாங்க அதிபரின் அலுவலகத்தில், கிளாக்கராக இருந்தபோது, பெயர் போடாமல் முறைப்பாடு எழுதும் மொட்டைப் பெட்டிசத்தில் அவனை மிஞ்ச ஆளில்லை. மூன்று அதிகாரிகளை இடம் மாற்றிய கை அது. வெங்காயம் போனதை அவன் பொறுத்துக்கொண்டான். மனைவி சிவமலரின் காப்புகளைத்தான் பொறுக்க முடியவில்லை. ரைமான் படியிறங்கும்போதெல்லாம் அவளுடைய ஆறு தங்கக் காப்பும் மணிக்கட்டைத் தாண்டி நழுவி, விரல்களில் முட்டிக்கொண்டு நின்றன.

"காப்பு ஏன் உம்மட கையில நிக்குதில்லை?"

"வட்டமான சாமானெல்லாம் அந்தாளிட்டத்தான் போகுது. தேசிக்காயிலயும் சந்தேகமோ உங்களுக்கு?"

அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய். இரண்டு வருடம் அவன் கதவிடுக்கால் பார்த்தான், படியின் கிறீச்சொலியை எண்ணினான். கண்டது ஒன்றுமில்லை, அதனால் சந்தேகம் இன்னும் கூடியது. தொண்ணூறாம் ஆண்டு வசந்தத்தில், ரைமான் சொன்ன எதற்கோ சிவமலர் வாய்விட்டுச் சிரித்தாள். அன்றைக்கே அவன் பூங்கா அலுவலகத்துக்கு ஆங்கிலத்தில் ஒரு பெட்டிசம் எழுதினான். மேன்மைதங்கிய ஐயா அவர்களின் பாதங்களைப் பணிந்து தெரிவித்துக்கொள்வதாவது, மேற்படி ரைமான் சிறுவர்களின் பந்துகளைச் சூனியத்தால் கவர்ந்து வருகிறார். இப்படிக்கு, உண்மை விரும்பி.

அவன் அறியாத ஒன்று இருந்தது. அந்த அலுவலகத்தில் முறைப்பாடு வந்தால், அதன் பிரதியை உரியவரிடமே கொடுத்து விளக்கம் கேட்பார்கள். விசாரணை முடியும்வரை வேலையையும் நிறுத்தி வைத்தார்கள். ரைமானுக்குத் தெரிந்தது மைதானத்து ஆங்கிலம் மட்டும். ஆகவே கடிதத்தைக் கொண்டுவந்து, படித்துச் சொல்லும்படி வீட்டுக்காரனிடமே நீட்டினார். யோகலிங்கம் தன் கடிதத்தைத் தானே உரக்கப் படித்தான். பாதங்களைப் பணிந்த இடத்தில், சட்டிக்குள் சுழன்றுகொண்டிருந்த சிவமலரின் அகப்பை நின்றது. லண்டனில் வேறு யார் அதிகாரியின் பாதத்தைப் பணிகிறார்கள்? ரைமான் ஒன்றும் புரியாமல், பதிலையும் அவனையே எழுதித்தரச் சொன்னார். எழுதினான், மூன்று பக்கம். அதுவும் பிரமாதமாகத்தான் இருந்தது.

மறுநாள் காலை சிவமலர் பையைத் தூக்கிக்கொண்டு ஸ்ட்ரெதமில் இருக்கும் தங்கை ராஜி வீட்டுக்குப் புறப்பட்டாள்.

"நான்தான் எழுதினது எண்டு உங்கட பேரைப் போட்டு அனுப்புங்கோ. அந்த மனுசனுக்கும் சொல்லுங்கோ. அதுக்குப் பிறகு வாறன். இல்லாட்டி என்னாலை இந்த வீட்டில இருக்க ஏலாது."

பத்தொன்பது நாள் போனது. அவளும் ரைமானும் பேசிவைத்துச் செய்கிறார்களோ என்று முதல் வாரம் சந்தேகப்பட்டான். இரண்டாம் வாரம், வேலையில்லாத ரைமான் மேலறையில் காலை நாற்காலியில் தூக்கிப் போட்டபடி சுவரையே பார்த்துக்கொண்டிருப்பதைக் கண்டான். மூன்றாம் வாரம் வீடு அவனைத் தின்றது. ரைமான் படியிறங்கும் நேரம் பார்த்து, வெட்கத்தில் சமையலறைக் கதவைச் சாத்திக்கொண்டான். கடைசியில், சிவமலர் கேட்ட கடிதத்தை எழுதி முடித்து, கீழே கையொப்பம் போடப் போனபோது கை 'யோ'வுடன் நின்றுவிட்டது. பெட்டிசத்தில் பெயர் எழுதிப் பழகாத கை. இடது கையால் வலது கையைப் பிடித்துக்கொண்டு மீதியை எழுதினான். ஒரு பிரதியை அலுவலகத்துக்கு அனுப்பினான். மற்றதை மேலே கொண்டுபோனான். ரைமான் வழக்கப்படி, படித்துச் சொல்லும்படி கேட்டார். படித்தான். பெயரையும் படித்தான்.

பூட்ஸை அறுத்த நடுவர் ஒருநாளும் இப்படியொரு கடிதம் எழுதவில்லை என்றார் ரைமான். தாளை வாங்கி மடித்துச் சட்டைப்பைக்குள் வைத்துக்கொண்டார். அடுத்த திங்கட்கிழமை பூங்கா அலுவலகம் அவரை மறுபடியும் வேலைக்குக் கூப்பிட்டது.

விஷயம் அறிந்து, அந்தச் சனிக்கிழமை சிவமலர் வந்தாள். கதவு திறந்ததும் அவளுடைய பையிலிருந்து நாலு தோடம்பழங்கள் குதித்து, ஒன்றன்பின் ஒன்றாகப் படியேறிப் போயின. யோகலிங்கம் கடைசிப் பழமும் மறையும்வரை பார்த்தான்.

"அந்தாளிட்டக் கத்தி இருக்குதோ தெரியாது" என்று சொல்லி, கத்தியும் மூன்று தட்டும் எடுத்துக்கொண்டு, சிவமலரையும் வரச்சொல்லிப் படியேறினான்.