காப்புக் கட்டிய வீட்டில் கறி வாசம்

வீரய்யா தட்டைத் தள்ளிவைத்தான். ஓங்கித் தள்ளவில்லை. ஒரு சாண் நகர்த்திவிட்டு, பருப்பும் பூசணிக்காயும் கலந்து கிடந்த சோற்றையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"என்னா, உப்பில்லையா?" என்றாள் ஜீவராணி.

"உப்பெல்லாம் இருக்கு. நாக்குதான் செத்துப்போச்சு புள்ள."

அவள் பார்வை அவன் மணிக்கட்டுக்குப் போனது. மஞ்சள் துண்டு கோத்த காப்புக் கயிறு அங்கேதான் இருந்தது. அதற்குக் கீழே விரல்கள் லேசாக ஆடின. குடியை நிறுத்தினால் அவனுக்கு அப்படித்தான் ஆடும்.

மாசி மாதம் தேயிலைத் தோட்டத்தில் காமன் கூத்து. சிவன் கண்ணைத் திறந்து காமனை எரிப்பதும், எரிந்தவனுக்காக ரதி மார்பில் அடித்துக்கொண்டு அழுவதும்தான் கதை. ரதி வேஷம் வீரய்யாவுக்கு. மலையில் மண்வெட்டி பிடித்துப் பிடித்துக் காய்த்துப்போன கை, சேலை கட்டிக்கொண்டு நின்றால் எப்படித்தான் அப்படி வளையுமோ தெரியாது. அவன் அழுகையைக் கேட்டுப் பெண்கள் நிஜமாகவே மூக்கைச் சிந்துவார்கள். வேஷக்காரன் காப்புக் கட்டிவிட்டால் கூத்து முடியும்வரை கறி மீன் கிடையாது, சாராயம் கிடையாது. காலையில் வேலை பிரிக்கும் பெரட்டுக்களத்தில் தோட்டத் துரை சொல்லி நிற்காத குடி, கோயிலில் சூடம் அடித்துச் சத்தியம் பண்ணி நிற்காத குடி, இந்தக் கயிற்றுக்கு நிற்கும். ஜீவராணிக்குத் தீபாவளி ஐப்பசியில் வருவதில்லை. மாசியில்தான் வரும்.

போன வருஷம் அதுவும் இல்லாமல் போனது. காப்போடு ஒரு கலியாண வீட்டுக்குப் போனவன் ஆட்டுக்கறியில் கை வைத்தான். கறியைத் தின்றவன் நேராக ஆற்றோரத்தில் கள்ளச்சாராயம் விற்கும் கசிப்புக்காரனிடம் போனான். கறியும் கசிப்பும் அவனுக்கு ஒன்றின் கையைப் பிடித்துக்கொண்டுதான் இன்னொன்று வரும். கூத்து மாஸ்டர் பழனியாண்டி சேலையைப் பறித்து வேறொருவனுக்குக் கட்டிவிட்டார். அதற்குப் பிறகு வருஷம் முழுக்கக் குடிதான். போதையில் வடிகால் கான் ஓரமாக உருண்டு தோள் எலும்பை முறித்துக்கொண்டு கிடந்தான். அந்தக் காலமெல்லாம் அவள் ஒருத்தி பறித்த தேயிலைக் கொழுந்தில்தான் அடுப்பெரிந்தது.

இந்த வருஷம் மாஸ்டரே அவர்கள் லயத்து வீட்டுக்கு வந்து, "கடைசித் தடவ வீரய்யா, இனி கேட்டு வராத" என்று சொல்லிவிட்டுக் காப்புக் கட்டினார்.

தள்ளிவைத்த தட்டை ஜீவராணி எடுத்து மூடிவைத்தாள். கயிறு அறுவது தட்டில்தான் தொடங்கும் என்று அவளுக்குத் தெரியும்.

ஞாயிற்றுக்கிழமை பூண்டுலோயா டவுனுக்கு இறங்கினாள். பஸ் நிற்கும் இடத்தில் நாட்டுப்பக்கத்துச் சிங்களப் பெண் ஒருத்தி பிஞ்சுப் பலாக்காயைக் குவித்துவைத்து, "பொலஸ், நங்கி, பொலஸ்!" என்று கூவிக்கொண்டிருந்தாள். கொட்டை கட்டாத பிஞ்சாகப் பார்த்து ஒன்றை வாங்கினாள். பலாக்காயைப் பக்குவமாக வைத்தால் கறி மாதிரிதான். ஆனால் 'மாதிரி' போதாது. வீரய்யா ரிஸ்வி கடை ஆட்டுக்கறிக் குழம்பையும் ரொட்டியையும் தின்று வளர்ந்த ஆள். சம்பள நாளில் அப்பன் தோளில் உட்கார்ந்துபோய்த் தின்ற ருசி. காய்ச்சலில் கிடந்தாலும் அதைத்தான் கேட்பான்.

ரிஸ்வி கடையின் பின்வாசலில் ரிஸ்வியின் மனைவி ஆயிஷா வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள்.

"என்னா புள்ள, இந்தப் பக்கம்? ஒங்க வூட்டுக்காரருக்குக் காப்புக் கட்டுன மாசமாச்சே."

"அதுக்குத்தான் வந்தேன் ராத்தா. ஒங்க கறித்தூளு கொஞ்சம் வேணும்."

"கறி இல்லாமக் கறித்தூளா?"

ஜீவராணி பையைத் திறந்து பலாக்காயைக் காட்டினாள். ஆயிஷாவுக்குச் சிரிப்பு வந்தது. "அடி கள்ளி! புருசனயே ஏமாத்தப்போறியா?"

"ஏமாத்தல ராத்தா. நாக்குக்கு ஒரு சாக்கு சொல்லப்போறேன். தூளுல ஒண்ணும் பட்டிருக்காதே?"

"அல்லாவே, வறுத்த மல்லி, சீரகம், கருவாப்பட்டை. இதுல எங்கருந்து எறச்சி வரும்? தனி டப்பா, தனிக் கரண்டி." காகிதத்தில் மடித்துக் கடைப் பையில் போட்டுக் கொடுத்தாள். "ஒண்ணு சொல்றேன் கேளு. காயக் கத்தியால நறுக்காத. அவிச்சுக் கையால பிய்யி. அப்பதான் நார் நாரா வரும். தேங்காயச் சில்லு சில்லாக் கீறிப் பொரிச்சுப் போடு. கடிக்கிறப்ப கொழுப்பு மாதிரியே இருக்கும்."

கூத்து மாஸ்டரைவிட இவள்தான் பெரிய வேஷக்காரி என்று நினைத்துக்கொண்டு ஜீவராணி பஸ் ஏறினாள்.

வீட்டுக்கு வந்ததும் காப்புக்கென்று வாங்கியிருந்த புதுச் சட்டியைக் கழுவினாள். கையிலும் கத்தியிலும் எண்ணெய் தடவிக்கொண்டு தோலைச் சீவினாள். அப்படியும் பால் விரலோடு ஒட்டிக்கொண்டு மண்ணெண்ணெய்க்குத்தான் விட்டது. காயை மஞ்சள் போட்டு அவித்து, ஆறியதும் பிய்த்தாள். தண்டோடு சேர்ந்த துண்டுகளை மட்டும் பெரிதாக விட்டாள், எலும்பை ஒட்டிய கறி போல. தேங்காய்ச் சில்லைப் பொரித்து எடுத்துவிட்டு, அதே எண்ணெயில் காயை ஓரம் கருகும்வரை பிரட்டினாள். இஞ்சி, பூண்டு, ரம்பை இலை போட்டு, ஆயிஷாவின் தூளைக் கொட்டியதும் அடுப்படியே ரிஸ்வி கடையாகிவிட்டது.

லயத்தில் ஒரு வீட்டுக்கும் அடுத்த வீட்டுக்கும் நடுவே சுவர் உண்டு, ஆனால் கூரைவரை கிடையாது. பேச்சும் புகையும் சண்டையும் அதற்கு மேலாகப் போய் வரும். வாசம் மட்டும் நிற்குமா?

"ஏண்டி ஜீவராணி!" அந்தப் பக்கத்திலிருந்து காளியாயி கத்தினாள். "காப்புக் கட்டுன வீட்டுல ஆட்டுக்கறி கொதிக்கிது?"

ஜீவராணிக்கு மனசு பூரித்துப்போனது. ஊரை மோந்து பார்க்கிற மூக்கே ஏமாந்துவிட்டது.

"அக்கா, சத்தம் போடாத. அந்தாளு வர்ற நேரம். மொதல்ல தின்னு முடிக்கட்டும், அப்பறமாச் சொல்லிக்குறேன்."

"என்னமோ போ. காமன் எரியிறதுக்கு முன்னாடி நீ எரியாம இருந்தாச் சரி."

வீரய்யா கூத்து ஒத்திகை முடித்து வந்தான். வாசலில் கால் கழுவ அவனுக்கு இவ்வளவு நேரம் ஆகாது. உள்ளே வந்தவன் கதவுக்குப் பின்னால் ஆணியில் தொங்கிய ரிஸ்வி கடைப் பையைப் பார்த்தான். அடுப்பைப் பார்த்தான். அதற்கு முன்னால் உட்கார்ந்தான். அடுப்படி பல்பு போய் ஒரு வாரம். அடுப்பு வெளிச்சம்தான்.

அவள் தேங்காய் ரொட்டியை வைத்துக் குழம்பை ஊற்றினாள். கறுத்த, கெட்டியான குழம்பு. அவன் ஒரு துண்டை எடுத்துக் கொஞ்ச நேரம் விரலிலேயே வைத்திருந்தான். பிறகு வாயில் போட்டான். தேங்காய்ச் சில்லு பல்லில் அரைபடும் சத்தம் அவளுக்குக் கேட்டது. ரொட்டியை இரண்டாகப் பிய்த்துத் துடைத்துத் தின்றான். இன்னொரு ரொட்டி. இன்னொன்று. தலையை நிமிர்த்தவே இல்லை. மூக்கிலிருந்து தண்ணீர் வடிந்தது. உறைப்பாக இருக்கும் என்று அவள் நினைத்தாள்.

'இப்ப சொல்லிரலாம்' என்று வாயெடுத்த நேரம், தண்ணீர் விழும் பீலிப் பக்கம் வாளிகள் அடிபடும் சத்தம்.

"தண்ணி வந்துருச்சு! ஓடியாங்க!"

ரெண்டு நாளாக வராத தண்ணீர். விட்டால் இனி எப்போதோ. ஜீவராணி குடத்தையும் வாளியையும் தூக்கிக்கொண்டு ஓடினாள். வரிசையில் நின்று, சண்டை போட்டு, நிறைத்துக்கொண்டு வந்து பார்த்தால் வீட்டில் ஆள் இல்லை. தட்டு வழித்து வைத்தது போல இருந்தது. தட்டு நடுவில் மஞ்சள் கயிறு. அறுத்தது. கத்தி பக்கத்திலேயே கிடந்தது.

குடத்தை அவள் வைத்தாளா போட்டாளா என்று தெரியவில்லை. பாதித் தண்ணீர் தரையில் ஓடியது. கயிற்றை முந்தானையில் முடிந்துகொண்டாள். என்ன நினைத்தாளோ, குழம்புச் சட்டியையும் தூக்கிக்கொண்டாள். இருட்டத் தொடங்கியிருந்த தேயிலைக்குள் குறுக்குப் பாதையில் இறங்கினாள். வேறெங்கும் தேட வேண்டியதில்லை. கசிப்புக்காரன் பக்கத்து ஆற்றுப் பாலம்தான்.

பாலத்துக் கட்டையில் உட்கார்ந்திருந்தான். மடியில் போத்தல். மூடி திறந்திருந்தது.

"யோவ்!"

அவன் திரும்பவில்லை. "வந்துட்டியா. நீயும் ஒரு மொடக்கு குடி. நீதான ஆரம்பிச்சு வச்ச."

"நா என்னாத்த ஆரம்பிச்சேன்?"

"காளியாயிகிட்ட நீ சொன்னது காதுல உழுந்துச்சு புள்ள. தின்னு முடிக்கட்டும், அப்பறமாச் சொல்லிக்குறேன்னு." அவன் குரல் ரதி அழும்போது உடைகிற இடத்தில் உடைந்தது. "இவன் எப்படியும் ஒடைக்கத்தான் போறான், வெளிய ஒடைச்சா மானம் போகும், வீட்டுலயே ஒடைச்சுத் தொலையட்டும்னு ஆக்கிப் போட்டியா? நா இந்தத் தடவ உண்மையாவே இருந்தேன் தெரியுமா? கைநடுக்கத்துல மண்வெட்டி வழுக்கிக் காலுல உழுந்தப்பக்கூட நெனக்கல. ஊருல ஒருத்தனும் நம்பல. நீயாவது நம்புறேன்னு இருந்தேன்."

அவள் கொண்டாடிய வாசம் அவனை எங்கே குத்தியிருக்கிறது என்று ஜீவராணிக்கு அப்போதுதான் புரிந்தது.

"உண்மையா இருந்தவன் தட்டத் தட்டிவிட்டுட்டுப் போக வேண்டியதுதான? எதுக்குய்யா மூணு ரொட்டி தின்ன?"

"வாசம் விடல." அவன் முகத்தைத் துடைத்துக்கொண்டான். "தெரிஞ்சேதான் தின்னேன். அதுதான் கேவலம்."

அவள் சட்டியை அவன் முன்னால் வைத்து, போனில் லைட்டைப் போட்டாள். ஒரு பெரிய துண்டை எடுத்து விரலால் பிளந்தாள். உள்ளே வெள்ளை நார். நடுவில் இனிமேல் கொட்டை கட்டவேண்டிய சின்னச் சின்னக் குழி.

"ஆட்டுக்கு எந்த எடத்துல கொட்டை காய்க்கும்? பாருய்யா நல்லா."

அவன் பார்த்தான். வாங்கி மோந்தான். கடித்தான்.

"பொலஸா?"

"பொலஸ். தூளு மட்டுந்தான் ரிஸ்வி கடை. ஒனக்கு நாக்கு செத்துப்போச்சுன்னியே, அதுக்காகக் காலையிலருந்து அலைஞ்சு, பிய்ச்சுப் பிய்ச்சு நகமெல்லாம் பாலு. நல்லா இருக்கா இல்லயான்னு ஒரு வார்த்த சொல்லாமத் தின்னுட்டு, கயித்த அறுத்துப் போட்டுட்டு வந்து குந்தியிருக்க!"

அவன் சிரிக்கத் தொடங்கினான். சிரிப்பு பாதியில் வேறு ஏதோ ஆகிவிட்டது. அவள் பக்கத்தில் உட்கார்ந்து, அவன் தாடையைப் பிடித்துத் திருப்பி வாயை மோந்தாள். எத்தனையோ வருஷம் செய்த வேலை. மூக்கு பொய் சொல்லாது. மல்லி வாசம், பொரித்த தேங்காய் வாசம். அவ்வளவுதான். போத்தலை வாங்கி ஆற்றில் கவிழ்த்தாள். அவன் தடுக்கவில்லை. கடைசிச் சொட்டுவரை பார்த்துக்கொண்டிருந்தான்.

"கயிறு அறுந்துருச்சே புள்ள."

"நட. மாஸ்டர்கிட்டப் போவோம்."

பழனியாண்டி மாஸ்டர் காமன் பொட்டலில் நட்டிருந்த கம்பத்துக்கு வைக்கோல் பிரி சுற்றிக்கொண்டிருந்தார். வீரய்யா ஒன்றையும் மறைக்கவில்லை. கறி என்று நினைத்துத் தின்றதையும் சொன்னான், போத்தலையும் சொன்னான். மாஸ்டர் அவனைப் பார்க்காமல் ஜீவராணியைப் பார்த்தார்.

"குடிச்சானா?"

"இல்லீங்க மாஸ்டர். நா மோந்து பாத்துட்டேன்."

அந்த மூக்கை அவர் மறுத்துப் பேசவில்லை. சட்டியைக் கேட்டார். தேங்காய்ச் சில்லைத் தள்ளி, துண்டைப் பிளந்து, பயந்து பயந்துதான் வாயில் வைத்தார். மென்றுகொண்டே ஒரு நிமிஷம் கண்ணை மூடினார். அவரும் காப்புக் கட்டியவர்தான்.

"அநியாயம்டி," என்றார். பிறகு குரலைக் கடுமையாக்கிக்கொண்டார். "வாயில போனது காய். அதுக்குக் குத்தமில்ல. மனசுல போனத எரிக்கத்தான் இந்தக் கம்பமே நட்டிருக்கோம், அது காமன் பாடு. ஆனா கயித்துல கத்தி வச்ச பாரு, அது ஏங்கிட்டக் கேக்காமச் செஞ்சது. போய்ப் பீலியில தலை முழுகிட்டு ஈரத்தோட வா. இனி கூத்து முடியிறவரைக்கும் பொட்டலக் கூட்டுறது நீதான்."

பீலித் தண்ணீர் மாசிக் குளிரில் ஊசியாகக் குத்தியது. அவன் குத்தவைத்து உட்கார, அவள் வாளி வாளியாக ஊற்றினாள். கொஞ்சம் கோபத்தோடுதான் ஊற்றினாள். பல் கிட்டித்து நடுங்கினான். ஈரத்தோடு போய் நின்றவனுக்கு மாஸ்டர் புதுக் கயிறு கட்டினார். பழைய கயிறு ஜீவராணியின் முந்தானை முடிச்சிலேயே இருந்தது.

காலையில் பெரட்டுக்குப் போகுமுன் மிச்சக் குழம்பைச் சூடுபண்ணி, நேற்றைய ரொட்டியோடு வைத்தாள். வாசல் வெளிச்சத்துக்குத் தட்டைத் தூக்கிக்கொண்டு போய் உட்கார்ந்து, ஒவ்வொரு துண்டையும் பிளந்து பார்த்துப் பார்த்துத் தின்றான்.

"எப்படி இருக்கு?" என்றாள் அவள்.

"பலாக்கா மாதிரிதான் இருக்கு," என்றான். தட்டை வழித்துவிட்டு மறுபடியும் நீட்டினான். "உப்புதான் கொஞ்சம் பத்தல."

சுவருக்கு மேலிருந்து காளியாயியின் குரல் வந்தது.

"எனக்கும் ஒரு கரண்டி ஊத்துடி, உப்பு நா பாத்துச் சொல்றேன்."